பேறுகாலத்தின் கடைசி வாரங்கள்: வாசகர் கேள்விகளும் மகப்பேறு மருத்துவரின் பதில்களும்

கருவுற்ற முதல் மூன்று மாதங்களைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு எழுதியவர்களில் பலர் இராமநாதபுரம் கடற்கரையோரத்து ஊர்க்காரர்கள். அவர்கள் கேட்டிருப்பதோ ஏழாம் மாதத்துக்குப் பிந்தைய சந்தேகங்களை. ஒரே பொருளைத் தொட்டு வந்த கடிதங்களைச் சேர்த்து, எட்டுக் கேள்விகளாக இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறேன். பெயர்களை வெளியிடவில்லை.

என் மகளுக்குத் தலைப்பிரசவம். 34 வாரம் முடிந்திருக்கிறது. வளைகாப்பு முடித்து எங்கள் வீட்டுக்கு அழைத்து வந்திருக்கிறோம். செவ்வாய்க்கிழமை ஆரம்ப சுகாதார நிலையத்தில் பி.பி. 144/94 இருப்பதாகச் சொல்லி, இராமநாதபுரம் பெரிய மருத்துவமனைக்கு எழுதிக் கொடுத்தார்கள். காலில் வீக்கம் இருக்கிறதே தவிர அவளுக்கு ஒரு தொந்தரவும் இல்லை. கால் வீங்கினால் பிரசவம் நெருங்குகிறது என்று அர்த்தம், பார்லிக் கஞ்சி கொடுத்துக் கருவாட்டை நிறுத்தினால் வடிந்துவிடும் என்று சம்பந்தியம்மாள் சொல்கிறார். அவசியம் போகத்தான் வேண்டுமா?
— ஒரு தாய், தங்கச்சிமடம்

போகத்தான் வேண்டும் அம்மா. இந்த இதழ் உங்கள் கைக்கு வருவதற்கு முன்பே போய்வந்திருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

உங்கள் மகளுக்கு ஒரு தொந்தரவும் இல்லை என்பதுதான் இந்த நோயின் ஆபத்தான குணம். 20 வாரத்துக்குப் பிறகு இரத்த அழுத்தம் 140/90 என்ற அளவைத் தொட்டு, சில மணி நேரம் கழித்துப் பார்க்கும்போதும் அப்படியே இருந்தால், அதை உயர் இரத்த அழுத்தமாகத்தான் கொள்ள வேண்டும். அத்துடன் சிறுநீரில் புரதம் வெளியேறினாலோ, கல்லீரல், சிறுநீரகம், இரத்தத் தட்டணுக்கள் ஆகியவற்றில் பாதிப்பு தெரிந்தாலோ, அதைப் பேறுகால முன்வலிப்பு நோய் என்கிறோம். முற்றும்போது வலிப்பில் போய் முடியக்கூடிய நோய் அது. வலிப்பு வருவதற்கு முந்தின நாள் வரை சமைத்துக்கொண்டும் பேசிச் சிரித்துக்கொண்டும் இருந்த பெண்களை மகப்பேறு மருத்துவர்கள் எல்லோருமே பார்த்திருக்கிறோம்.

இதன் மூலம் நஞ்சுக்கொடியில் இருக்கிறது, உப்பில் இல்லை. கருப்பையிலிருந்து நஞ்சுக்குப் போகும் இரத்தக் குழாய்கள் கர்ப்பத்தின் முற்பகுதியிலேயே நன்றாக விரிந்துகொள்ள வேண்டும். அவை குறுகலாகவே நின்றுவிட்டால், போதிய இரத்தம் கிடைக்காத நஞ்சு சில பொருள்களைத் தாயின் உடலுக்குள் விடுகிறது. அவை தாயின் இரத்தக் குழாய்களின் உட்சுவரைக் கெடுக்கின்றன. அழுத்தம் ஏறுவதும், சிறுநீரில் புரதம் இறங்குவதும், முகத்திலும் கையிலும் நீர் கோப்பதும் அதன் விளைவுகள். ஆகவே பார்லிக் கஞ்சி வீக்கத்தைச் சற்றுக் குறைத்தது போலத் தோன்றினாலும் நோய் அப்படியேதான் இருக்கும். கருவாட்டையும் ஊறுகாயையும் அளவோடு வைத்துக்கொள்வது நல்லதே. ஆனால் அவற்றை நிறுத்துவது இந்த நோய்க்கு மருந்து ஆகாது. சம்பந்தியம்மாள் சொல்வதில் ஒரு பாதி சரி: மாலையில் இரண்டு பாதங்களும் வீங்கி, படுத்து எழுந்தால் காலையில் வடிந்துவிடும் வீக்கம் பெரும்பாலான கர்ப்பிணிகளுக்கு இயல்பானது. காலையில் எழும்போதே முகம் உப்பியிருப்பதும், மோதிரமும் வளையலும் திடீரென்று இறுகுவதும், ஒரே வாரத்தில் ஒரு கிலோவுக்கு மேல் எடை ஏறுவதும் அந்த வகையைச் சேர்ந்தவை அல்ல.

பெரிய மருத்துவமனைக்கு எழுதிக் கொடுத்ததற்குக் காரணம், ஒருமுறை பார்த்த பி.பி.யை வைத்து நோயின் அளவைச் சொல்லிவிட முடியாது என்பதே. அங்கே திரும்பத் திரும்ப அழுத்தம் பார்ப்பார்கள். சிறுநீரில் புரதத்தின் அளவு, இரத்தத் தட்டணுக்கள், கல்லீரல், சிறுநீரகச் சோதனைகள், குழந்தையின் வளர்ச்சியையும் தொப்புள்கொடி இரத்த ஓட்டத்தையும் காட்டும் டாப்ளர் ஸ்கேன் ஆகியவற்றைச் செய்வார்கள். அளவைப் பொறுத்து லேபெடலால், நிஃபெடிபின், மெதில்டோபா போன்ற மாத்திரைகளில் ஒன்றைக் கொடுப்பார்கள். இவை குழந்தைக்கு ஆகாதவை என்று பயந்து நிறுத்திவிடக் கூடாது; கர்ப்பிணிகளுக்கு என்றே தேர்ந்து கொடுக்கப்படுபவை இவை. ஆனால் மாத்திரை அழுத்தத்தைத்தான் கட்டுப்படுத்தும். நோய் தணிவது குழந்தையும் நஞ்சும் வெளியே வந்த பிறகுதான். எனவே நோய் கடுமையாக இல்லாவிட்டால் 37 வாரம் வரை கண்காணித்துப் பிறகு பிரசவம் பார்ப்பதும், கடுமையாக இருந்தால் 34 வாரத்திலேயே முடிவெடுப்பதும் பொதுவான நடைமுறை. உங்கள் மகள் சரியாக அந்த இடைப்பட்ட காலத்தில் இருக்கிறார்.

வீட்டில் கருவி வைத்துப் பார்ப்பதானால் முறையாகப் பாருங்கள். ஐந்து நிமிடம் சும்மா உட்கார்ந்த பிறகு, முதுகைச் சாய்த்து, பாதங்களைத் தரையில் ஊன்றி, கையை நெஞ்சு உயரத்தில் வைத்து, பேசாமல் பார்க்க வேண்டும். இடப்பக்கம் ஒருக்களித்துப் படுத்துக்கொண்டு மேலே இருக்கும் வலக்கையில் பார்த்தால் அழுத்தம் உள்ளதைவிடக் குறைவாகக் காட்டும். அந்த எண்ணை நம்பி நிம்மதியாகத் தூங்கியவர்கள் உண்டு. காலை, மாலை எண்களைத் தாய் சேய் நல அட்டையிலேயே எழுதி வையுங்கள். 160/110 என்ற அளவை எட்டினால் அது அவசரம். எண் எதுவாக இருந்தாலும், மாத்திரைக்கு அடங்காத தலைவலி, கண்முன் மின்னல் அடிப்பது அல்லது பார்வை மங்குவது, நெஞ்சுக்குழியிலோ வலப்பக்க விலாவின் கீழோ வலி, மூச்சுத் திணறல், சிறுநீர் குறைதல் ஆகியவற்றில் ஒன்று வந்தாலும் அந்த நேரமே 108ஐ அழையுங்கள். நெஞ்சுக்குழி வலியை வாயுவென்று நினைத்து ஓமத் தண்ணீர் கொடுத்துப் பொழுதைக் கழிப்பதுதான் வழக்கமாக நடக்கிறது. பொறுத்துப் பார்க்கக் கூடாத வலி அது.

வலிப்பே வந்துவிட்டால் இடப்பக்கமாகத் திருப்பிப் படுக்க வையுங்கள். வாயில் எதையும் ஊற்றவோ திணிக்கவோ வேண்டாம். கையில் சாவிக்கொத்தைக் கொடுப்பதால் ஒரு பயனும் இல்லை. மெக்னீசியம் சல்ஃபேட் ஊசியின் முதல் தவணையை ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே போட்டு அனுப்ப முடியும். 2002இல் வெளியான மேக்பை ஆய்வு, முன்வலிப்பு நோய் உள்ள பெண்களுக்கு இந்த மருந்து வலிப்பு வரும் வாய்ப்பைப் பாதிக்கு மேல் குறைக்கிறது என்று பல நாடுகளில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்களிடம் உறுதிசெய்தது. விலை குறைந்த, பழைய மருந்து. உரிய நேரத்தில் போய்ச் சேர்பவர்களுக்குத்தான் அது கிடைக்கும்.

நீங்கள் இருக்கும் இராமேஸ்வரம் தீவிலிருந்து இராமநாதபுரம் ஏறத்தாழ 50 கிலோமீட்டர். இராத்திரி தலைவலி வந்தால் விடியட்டும் என்று காத்திருக்கும் வசதி அந்தத் தொலைவில் இருப்பவர்களுக்குக் கிடையாது என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

எனக்கு 36 வாரம். கணவர் துபாயில் இருக்கிறார். நேற்று முதல் குழந்தையின் அசைவு குறைந்தது போல இருக்கிறது. தலை இறங்கிவிட்டது, இடம் போதவில்லை, அதனால்தான் அசையவில்லை என்று உம்மா சொல்கிறார். கணவர் அனுப்பிய சிறு கருவியில் வைத்துப் பார்த்தால் இதயத் துடிப்பு கேட்கிறது. பயப்படத் தேவையில்லை என்று இருந்துவிடலாமா?
— ஒரு வாசகி, கீழக்கரை

இருந்துவிடாதீர்கள் சகோதரி. கடைசி வாரங்களில் அசைவு குறைவது இயல்பு என்ற நம்பிக்கை எல்லா ஊரிலும் இருக்கிறது, அது தவறு. 32 வாரத்துக்குப் பிறகு அசைவின் தன்மை மாறும். முன்பு உதைத்த குழந்தை இப்போது புரளும், நெளியும், முட்டும். எண்ணிக்கை மட்டும் பிரசவ நாள் வரை குறையக் கூடாது. தலை இறங்கிய குழந்தையும் அசையும். பிரசவ வலி எடுத்த பிறகும் அசையும்.

குறைந்தால் அதற்கு என்ன பொருள்? நஞ்சின் வழியாக வரும் உயிர்வளியும் ஊட்டமும் குறையும்போது, குழந்தை இருப்பதை மூளைக்கும் இதயத்துக்கும் ஒதுக்கிக்கொண்டு கைகால் அசைவைச் சுருக்கிக்கொள்கிறது. அந்த நிலையிலும் இதயம் துடித்துக்கொண்டுதான் இருக்கும். ஆகவே உங்கள் கணவர் அன்போடு அனுப்பிய கருவி சொல்வது குழந்தை இந்த நிமிடம் உயிரோடு இருக்கிறது என்பதை மட்டுமே. நலமாக இருக்கிறது என்பதை அன்று. தாயின் இரத்தக் குழாய்த் துடிப்பையும் நஞ்சின் இரைச்சலையும் குழந்தையின் துடிப்பாக எண்ணி ஏமாறுவதும் எளிது. வளைகுடாவிலிருந்து வரும் பெட்டிகளில் இந்தக் கருவி இப்போது அடிக்கடி வருகிறது. அதை எடுத்து அலமாரியில் வைத்துவிடுங்கள் என்றுதான் நான் சொல்வேன்.

எண்ணும் முறை எளியது. 28 வாரம் முதல் தினமும் ஏறக்குறைய ஒரே வேளையில், சாப்பிட்ட பிறகு, இடப்பக்கம் ஒருக்களித்துப் படுத்து, வேறு வேலையில் கவனம் வைக்காமல் எண்ணுங்கள். உதை, புரளல், நெளிவு எல்லாம் கணக்கில் சேரும். விக்கல் போன்ற சீரான துடிப்பு சேராது. இரண்டு மணி நேரத்துக்குள் பத்து அசைவு வந்துவிட்டால் அன்றைக்கு எண்ணுவதை நிறுத்திக்கொள்ளலாம். நலமாக இருக்கும் குழந்தைக்குப் பெரும்பாலும் அவ்வளவு நேரம் தேவைப்படாது. வயிற்றில் இருக்கும் குழந்தை இருபது முதல் நாற்பது நிமிடம் வரை தூங்கும். ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் தூங்குவது அரிது. எனவே ஒரு மணி நேர அமைதிக்காக யாரும் கலங்க வேண்டாம். இரண்டு மணி நேரம் படுத்து எண்ணியும் பத்து வரவில்லை என்றால், அல்லது பத்து வந்தும் உங்கள் குழந்தையின் வழக்கம் இது அன்று என்று மனதுக்குப் பட்டால், அப்போதே கிளம்புங்கள். எண்ணிக்கையைவிட அந்தப் பெண்ணின் மனதுக்குப் படுவதற்கு நான் அதிக மதிப்புக் கொடுக்கிறேன். குளிர்ந்த சர்பத் குடித்துப் பார்ப்போம், இனிப்புச் சாப்பிட்டுப் பார்ப்போம் என்று அடுத்தடுத்து வேளையைத் தள்ளிப் போடாதீர்கள்.

மருத்துவமனையில் சி.டி.ஜி. என்னும் கருவியை வயிற்றில் கட்டி இருபது நிமிடமோ சற்று அதிகமோ குழந்தையின் துடிப்பைப் பதிவுசெய்வார்கள். நிமிடத்துக்கு 110 முதல் 160 வரை இருப்பதோடு, குழந்தை அசையும்போதெல்லாம் துடிப்பு சற்று ஏறி இறங்க வேண்டும். பிறகு ஸ்கேனில் பனிக்குட நீரின் அளவைப் பார்ப்பார்கள். நான்கு பக்கமும் அளந்து கூட்டினால் 5 சென்டிமீட்டருக்குக் கீழே இருப்பது குறைவு. எல்லாம் சரியாக இருந்தால் வீட்டுக்கு அனுப்புவார்கள். நாலு நாள் கழித்து மறுபடியும் குறைந்தால் மறுபடியும் போங்கள். இரண்டாம் முறை போனால் சிரிப்பார்களோ என்று கூசிக்கொண்டு வீட்டிலிருப்பது வேண்டாம்; இரண்டாம் முறை குறைவதை மருத்துவர்கள் கூடுதல் கவனத்தோடுதான் பார்ப்பார்கள்.

தூங்கும்போது ஒருக்களித்துத் தூங்குங்கள். 28 வாரத்துக்குப் பிறகு மல்லாந்து தூங்கப் போகும் பெண்களுக்கு வயிற்றிலேயே குழந்தை இறக்கும் ஆபத்து சற்று அதிகம் என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. இடப்பக்கமோ வலப்பக்கமோ எதுவும் சரி. நடுவில் விழித்துப் பார்க்கையில் மல்லாந்திருந்தால் திரும்பிப் படுத்துக்கொண்டால் போதும். அதற்காகக் கவலைப்பட வேண்டாம்.

நான் கடலில் முங்கிப் பாசி எடுப்பவள். இது மூன்றாவது குழந்தை, 30 வாரம். இரண்டு நாளாக உள்ளாடை நனைந்துகொண்டே இருக்கிறது. கடல் தண்ணீரா, சிறுநீரா, பனிக்குடத் தண்ணீரா என்று தெரியவில்லை. வலி இல்லை. எப்படிக் கண்டுபிடிப்பது?
— ஒரு வாசகி, பாம்பன் சின்னப்பாலம்

நன்றாகக் குளித்துத் துடைத்துவிட்டு, உலர்ந்த வெள்ளைத் துணியோ நாப்கினோ வைத்துக்கொண்டு அரை மணி நேரம் படுத்திருங்கள். பிறகு எழுந்து நில்லுங்கள். எழும்போது தானாக வழிந்து துணி நனைந்தால், அதில் சிறுநீர் வாடை இல்லாவிட்டால், பனிக்குடத்தில் கசிவு இருப்பதாகவே கொள்ள வேண்டும். சிறுநீரை அடக்குவது போல இறுக்கினாலும் நிற்காமல் வருவது இன்னோர் அடையாளம். துணி நனையாவிட்டாலும் இரண்டு நாளாக இருக்கும் கசிவை மருத்துவர் ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது. வெள்ளைத் துணியைத் தூக்கி எறியாமல் எடுத்துச் செல்லுங்கள். நிறமும் வாடையும் மருத்துவருக்கு உதவும். நீர் பச்சையாகவோ பழுப்பாகவோ இருந்தால் குழந்தை உள்ளேயே மலம் கழித்திருக்கலாம். துர்நாற்றமோ காய்ச்சலோ இருந்தால் கிருமி ஏறியிருக்கலாம். இரண்டும் அவசரமே.

37 வாரத்துக்கு முன் பனிக்குடம் கசிந்தால் வலி இல்லாவிட்டாலும் மருத்துவமனையில் தங்க வேண்டியிருக்கும். கிருமி ஏறாமலிருக்க மருந்தும், குழந்தையின் நுரையீரல் முதிர ஊசியும் கொடுத்து, இயன்ற வரை நாளைக் கடத்துவார்கள். கருவி வைத்துக் கண்ணால் பார்ப்பதே போதும். வலி இல்லாதபோது விரல்விட்டுப் பார்ப்பது கிருமியை உள்ளே ஏற்றிவிடும். எனவே ஊரில் அனுபவசாலிகள் என்று யாரையும் பார்க்க விடாதீர்கள். நீர் உடைந்தவுடன் தொப்புள்கொடி வெளியே நழுவியது போலத் தட்டுப்பட்டால், அதைத் தொட்டு உள்ளே தள்ளாமல், முட்டிபோட்டுக் குப்புறக் குனிந்து இடுப்பை உயர்த்தியபடியே 108க்குக் காத்திருக்க வேண்டும்.

முடிவு தெரியும் வரை கடலில் இறங்க வேண்டாம். கசிவு இல்லை என்று தெரிந்தாலும், இந்த மாதங்களில் மூச்சை அடக்கி முங்குவதும் நனைந்த பாசிச் சாக்கைத் தூக்குவதும் நிறுத்தப்பட வேண்டியவை. ஒரு நாள் வருமானம் என்பது என்னவென்று தெரியாமல் இதைச் சொல்லவில்லை. கரையில் பாசியைக் காயவைக்கும் வேலையை, வெயில் தாழ்ந்த நேரத்தில், உட்கார்ந்து செய்ய வழி பாருங்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நல்ல தண்ணீரைக் குடம் கணக்கில் விலைகொடுத்து வாங்கும் ஊர்களில் பெண்கள் கடைசியாகத்தான் தண்ணீர் குடிக்கிறார்கள். சிறுநீர் கழிக்க இடம் இல்லை என்பதற்காகக் குடிப்பதைக் குறைப்பவர்களும் உண்டு. சிறுநீர்ப் பாதையில் கிருமி சேர அது வழி வகுக்கும். அந்தக் கிருமி குறைமாத வலிக்கு ஒரு பெரிய காரணம். எரிச்சலோ அடிக்கடி சொட்டுச் சொட்டாகப் போவதோ இருந்தால் ஒரு சிறுநீர்ச் சோதனையும் செய்துகொள்ளுங்கள்.

எனக்கு 32 வாரம். ஐந்தாம் மாத ஸ்கேனில் நஞ்சு கீழே இருப்பதாக எழுதியிருந்தார்கள். முந்தாநாள் கொஞ்சம் இரத்தம் பட்டது, வலி இல்லை, தானாக நின்றுவிட்டது. நின்றுவிட்டதால் அடுத்த பரிசோதனை வரை பொறுக்கலாமா?
— ஒரு வாசகி, தொண்டி

பொறுக்கக் கூடாது. ஐந்தாம் மாதத்தில் கீழே தெரியும் நஞ்சு பெரும்பாலானவர்களுக்குக் கருப்பை வளர வளர மேலே போய்விடும். அதனால்தான் 32 வாரத்தில் மறுபடி ஸ்கேன் எடுக்கிறார்கள். உங்களுக்கு அது இன்னும் கருப்பை வாயை மூடிக்கொண்டிருக்கிறது என்பதற்கு வலியில்லாத இந்த இரத்தமே ஓர் அறிகுறி. முதல் முறை சிறிதாகப் பட்டுத் தானே நிற்பது இந்த நிலையின் வழக்கம். அடுத்த முறை எப்போது வரும், எவ்வளவு வரும் என்று யாராலும் சொல்ல முடியாது. நஞ்சு முழுவதும் வாயை மூடியிருந்தால் அறுவை சிகிச்சைதான் வழி. ஆகவே இரத்த வங்கியும் அறுவை அரங்கும் உள்ள இடத்துக்குப் பக்கத்தில் கடைசி வாரங்களைக் கழிக்க ஏற்பாடு செய்யுங்கள்; உறவினர் வீடு இராமநாதபுரத்தில் இருந்தால் தயங்காமல் போய்த் தங்குங்கள். தாம்பத்திய உறவும் நெடும்பயணமும் வேண்டாம். எங்கே போனாலும், பரிசோதிக்க வருபவரிடம் "நஞ்சு கீழே இருக்கிறது" என்பதை முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள். உள்பரிசோதனையைத் தவிர்க்க அது உதவும்.

வலியோடு வரும் இரத்தம் வேறு. வயிறு கல்லைப்போல இறுகி, தொட்டாலே வலித்து, இரத்தமும் பட்டால், நஞ்சு முன்கூட்டியே பிரிகிறது என்று பொருள். இரத்தம் உள்ளேயே தேங்கிவிடுவதால் வெளியே படுவது கொஞ்சமாக இருக்கும். அதை வைத்து ஆபத்தை அளக்கக் கூடாது. உயர் இரத்த அழுத்தம் உள்ளவர்களுக்கும், விழுந்து வயிற்றில் அடிபட்டவர்களுக்கும் இது அதிகம் வரும். உங்கள் இரத்த வகை நெகடிவ் என்றால், இரத்தம் பட்டதற்காக ஆன்டி-டி ஊசி போட வேண்டியிருக்கும். அதையும் கேட்டு வாங்குங்கள்.

ஏழாம் மாதத்துப் பிள்ளை தங்கும், எட்டாம் மாதத்துப் பிள்ளை தங்காது என்கிறார்களே, உண்மையா? என் மருமகளுக்கு எட்டு மாதம். அடிக்கடி வயிறு இறுகுகிறது. சூட்டு வலி என்று சீரகக் கஷாயம் கொடுக்கிறோம்.
— ஒரு மாமியார், சாயல்குடி

உண்மை இல்லை அம்மா. வயிற்றில் கழியும் ஒவ்வொரு வாரமும் குழந்தை பிழைப்பதற்கான வாய்ப்பைக் கூட்டுகிறது. எட்டாம் மாதத்துக்கு மட்டும் விதிவிலக்குக் கிடையாது. இந்த நம்பிக்கையால், எட்டாம் மாதத்தில் வலி வந்தால் எப்படியும் தங்காது என்று முயற்சியைக் கைவிடுகிறவர்கள் இருப்பதால்தான் இதை இவ்வளவு அழுத்தமாகச் சொல்கிறேன்.

கஷாயத்தால் கெடுதல் இல்லை. அதைக் கொடுத்துவிட்டுக் கடிகாரத்தைப் பாருங்கள். பொய் வலி ஒழுங்கில்லாமல் வரும், தண்ணீர் குடித்து ஒருக்களித்துப் படுத்தால் அடங்கும். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை என்று ஒழுங்காக வந்து, இடுப்பிலிருந்து முன்பக்கம் பரவி, படுத்தாலும் அடங்காமல் ஒரு மணி நேரம் தொடர்ந்தால் அது குறைமாதப் பிரசவ வலி. 34 வாரத்துக்குள் அப்படிப் போய்ச் சேர்ந்தால், குழந்தையின் நுரையீரல் முதிர டெக்ஸாமெத்தசோன் அல்லது பீட்டாமெத்தசோன் ஊசி போடுவார்கள். அதன் முழுப் பயன் கிடைக்க ஒரு நாளாவது ஆகும். பிரசவம் நெருங்கிய பிறகு கொண்டுபோனால் அந்த ஒரு நாள் குழந்தைக்குக் கிடைக்காது. விளக்கெண்ணெய் மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் கொடுக்காதீர்கள்.

35 வாரம். உள்ளங்கையும் உள்ளங்காலும் இரவில் தூங்க முடியாமல் அரிக்கின்றன. தடிப்பு ஒன்றும் இல்லை. வெயிலாலா, உப்புத் தண்ணீரில் குளிப்பதாலா?
— ஒரு வாசகி, மூக்கையூர்

வயிற்றில் தோல் விரிவதால் வரும் அரிப்பு சாதாரணமானது. தடிப்பில்லாமல், உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும், இரவில் கூடும் அரிப்பு அப்படியன்று. கல்லீரலிலிருந்து பித்தநீர் சரியாக வடியாமல் இரத்தத்தில் தேங்குவதால் அது வரலாம். பித்த அமிலம் மிகவும் ஏறினால் குழந்தைக்கு ஆபத்து. கல்லீரல் சோதனையும் பித்த அமிலச் சோதனையும் இந்த வாரமே செய்துகொள்ளுங்கள். தேங்காய் எண்ணெய் தடவுங்கள், தடையில்லை. சோதனைக்கு அது ஈடாகாது.

சர்க்கரை இருப்பதாகச் சொல்லி இன்சுலின் போடச் சொல்கிறார்கள். வெள்ளைச் சர்க்கரையை விட்டுவிட்டுக் கருப்பட்டிக்கு மாறினால் போதாதா? நோன்பு வைக்கலாமா?
— ஒரு வாசகி, பெரியபட்டினம்

கருப்பட்டியும் இரத்தத்தில் சர்க்கரையாகத்தான் சேர்கிறது. நம் பக்கத்துப் பனையில் இறக்கியது என்ற பெருமை கணையத்துக்குத் தெரியாது. வெறும் வயிற்றில் 95க்குக் கீழ், சாப்பிட்ட இரண்டு மணி நேரத்தில் 120க்குக் கீழ் என்பது இலக்கு. உணவாலும் நடையாலும் அது வராதபோது இன்சுலின் வேண்டும். இன்சுலின் நஞ்சைத் தாண்டிக் குழந்தைக்குப் போவதில்லை என்பதால் அச்சம் வேண்டாம். சர்க்கரை கட்டுப்படாவிட்டால் குழந்தை பெருத்துத் தோள் சிக்கலாம், பனிக்குட நீர் அளவுக்கு மீறலாம், பிறந்தவுடன் குழந்தையின் சர்க்கரை தாழ்ந்துபோகலாம். இன்சுலின் போட்டுக்கொண்டு நோன்பு வைப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன்; கர்ப்பிணிகளுக்கு மார்க்கமே சலுகை தந்திருக்கிறது, பிறகு நிறைவேற்றிக்கொள்ளலாம்.

நான் விசைப்படகில் தொழிலுக்குப் போகிறவன். காலையில் போனால் மறுநாள் காலைதான் கரை. மனைவிக்கு 33 வாரம். நான் இல்லாத இரவில் ஏதாவது ஆனால் என்ன செய்வது? முன்கூட்டி என்ன செய்து வைக்கலாம்?
— ஒரு வாசகர், மண்டபம்

இந்தக் கேள்வியை எழுதிய ஒரே ஆண் நீங்கள்தான். முதலில் செய்ய வேண்டியது, உங்களைக் கேட்காமலே கிளம்பலாம் என்று உங்கள் மனைவியிடமும் பெற்றோரிடமும் மாமனார் வீட்டாரிடமும் இப்போதே, எல்லோர் முன்னாலும் சொல்லிவிடுவது. கடலுக்குள் போன பிறகு தொலைபேசி கிடைக்காது. "அவன் வரட்டும், ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டு போவோம்" என்ற பேச்சில் எத்தனையோ இரவுகள் கழிந்திருக்கின்றன. உடன் செல்லப் போகும் ஒருவரையும், மூத்த பிள்ளைகள் இருந்தால் பார்த்துக்கொள்ளப் போகும் ஒருவரையும் பெயர் சொல்லி நிச்சயித்துவிடுங்கள்.

பிக்மி எண் (கர்ப்பத்தைப் பதிவுசெய்தபோது அரசு கொடுத்த எண்), தாய் சேய் நல அட்டை, எல்லா ஸ்கேன் அறிக்கைகள், ஆதார், வங்கிப் புத்தகம், மாற்றுத் துணி ஆகியவை ஒரே பையில் கதவருகே இருக்கட்டும். 108 அழைப்பில் ஊர்ப் பெயரோடு, வண்டி வந்து நிற்கக்கூடிய கோயில், பள்ளிவாசல், மாதா கெபி போன்ற ஓர் அடையாளத்தையும் சொல்லப் பழக்குங்கள். கடற்கரைத் தெருக்களில் மணலில் வண்டி இறங்காத இடங்கள் உண்டு என்பது உங்களுக்கே தெரியும். இரத்த வகையையும் கடைசியாகப் பார்த்த ஹீமோகுளோபின் அளவையும் மனப்பாடம் செய்யுங்கள். 11க்குக் கீழே இருந்தால் இரத்தசோகை. 7க்குக் கீழே போனால் அது கடுமையானது. இரத்தம் குறைவாக உள்ள பெண், பிரசவத்துக்குப் பின் வரும் சாதாரணப் போக்கையே தாங்க மாட்டாள். 33 வாரத்தில் அளவு குறைவாக இருந்தால் மாத்திரையை மட்டும் நம்பாமல் இரும்புச்சத்து ஊசி போட முடியுமா என்று கேளுங்கள். இன்னும் நேரம் இருக்கிறது. ஒவ்வொரு மாதமும் 9ஆம் தேதி அரசு மருத்துவமனைகளில் கர்ப்பிணிகளுக்கு மருத்துவரே பார்க்கும் இலவசப் பரிசோதனை நடக்கிறது. அந்த நாளில் ஒரு முறையாவது நீங்களும் உடன் போங்கள். பிரசவத் தேதி ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான மீன்பிடித் தடைக்காலத்தில் விழுந்தால் உங்கள் கவலை பாதி தீர்ந்தது. ஐப்பசி, கார்த்திகையில் விழுந்தால், புயல் எச்சரிக்கை வந்தவுடன், வலிக்காகக் காத்திராமல், இராமநாதபுரத்துக்குப் போய்விடுவதே சரி.

குழந்தை பிறந்து வீட்டுக்கு வந்த பிறகும் இந்த ஏற்பாட்டைக் கலைத்துவிடாதீர்கள். பிரசவத்துக்குப் பின் மூன்றாம் நாளிலிருந்து ஆறாம் நாளுக்குள் இரத்த அழுத்தம் உச்சத்துக்கு ஏறுவது உண்டு. கர்ப்பத்தில் அழுத்தமே இல்லாதவர்களுக்குக்கூட முதல் ஆறு வாரத்தில் வலிப்பு வரலாம். வீட்டுக்கு அனுப்புமுன் ஒருமுறை பி.பி. பார்க்கச் சொல்லுங்கள், முதல் வாரத்துக்குள் கிராம சுகாதார செவிலியர் வீட்டுக்கு வரும்போது இன்னொரு முறை பார்க்கச் சொல்லுங்கள். அந்த நாள்களில் கடும் தலைவலியோ பார்வை மங்கலோ காய்ச்சலோ, மணிக்கொரு நாப்கின் நனையும் அளவுக்கு இரத்தப்போக்கோ வந்தால், மீண்டும் 108தான். எந்த மருத்துவமனைக்குப் போனாலும், பிள்ளை பெற்று இத்தனை நாளாகிறது என்பதை வாசலிலேயே சொல்லிவிட வேண்டும். பொதுநோயாளிகள் வரிசையில் தலைவலிக்கு மாத்திரை வாங்கிக்கொண்டு திரும்பிவிடக் கூடாது.